பேர் வராத படம்: திருமலையில இருந்து எழுதின ஒரு திரைக்கதை எழுத்தாளர் பற்றின நிகழ்வு ஆய்வு

ஏன் இத எழுதுறன்

இது இலங்கையில திருகோணமலையில, நாங்க திருமலை எண்டு சொல்ற ஊரில, இருந்துகொண்டு டிவிக்கும் படத்துக்கும் எழுதுற ஒரு பெண்ணுக்கு நடந்தது. அவ சம்மதிச்சு, முழுக்க வாசிச்சு, ரெண்டு மூண்டு இடத்த வெட்டச் சொல்லி, அதுக்குப் பிறகுதான் வெளியில விடுறன். ஆக்களிண்ட பேர், சனல், படத்திண்ட பேர் ஒண்டும் இதில இல்ல, தயவுசெய்து தேடவும் வேணாம். நான் நாடகமும் அரங்கியலும் படிப்பிச்ச ஆள், இப்ப ஓய்வு. அவ ஏஎல், அதாவது உயர்தரம், படிக்கேக்க என்ட வகுப்பில இருந்தவ, அதுக்குப் பிறகு என்ன எழுதினாலும் முதல்ல என்னட்டத்தான் கொண்டு வருவா. இதில நடந்த ஒரு பெரிய பிழையில எனக்கும் பங்கிருக்கு, அத அந்த இடம் வரேக்க சொல்றன்.

எங்கட பக்கத்தில கதை எப்பிடி எழுதிறது எண்டு சொல்லிக்குடுக்க ஆக்கள் இருக்கினம், எழுதின பேப்பர் கைய விட்டுப் போனாப் பிறகு அதுக்கு என்ன நடக்கும் எண்டு சொல்லிக்குடுக்க ஆக்கள் குறைவு. இப்ப எழுத வாற பிள்ளையள் ரெண்டாவதுக்காக இத வாசிச்சாக் காணும்.

பின்னணி

அவட அப்பா கடல் தொழில். முதல்ல ஒரு சம்மாட்டியிட்ட, அதாவது வலைச் சொந்தக்காரரிட்ட, கரைவலை இழுத்தவர், பிறகு கடன்பட்டு சொந்தமா ஒரு ஃபைபர் போட்டு (படகு) எடுத்தவர். 2004 மார்கழி 26 சுனாமியில போட்டும் எஞ்சினும் போயிட்டுது, ஆக்கள் தப்பிட்டினம். அவ பிறகு கோணேசபுரி வளாகத்தில தொடர்பாடல் படிச்சு, 2012ல பட்டதாரிப் பயிலுனரா எடுபட்டு, இப்ப ஒரு பிரதேச செயலகத்தில அபிவிருத்தி உத்தியோகத்தர்.

எழுதிறது காலம நாலு மணிக்கு, கடலுக்குப் போற ஆக்கள் எழும்பிற நேரம். சீஆர் கொப்பி எண்ட தடிச்ச மட்டை போட்ட கோட்டுக் கொப்பியில, நீலப் பேனையால. ஒவ்வொரு நாளும் தொடங்கிற பக்கத்திண்ட மேல் மூலையில திகதி போட்டு, பக்கத்தில அண்டைக்கு என்ன காத்து எண்டும் எழுதுவா, கச்சான், சோளகம், வாடை எண்டு. அப்பாவப் பாத்து வந்த பழக்கம். அந்த மூலைக் குறிப்பு பிறகு என்னத்துக்கு உதவினது எண்டத கீழ சொல்றன்.

இஞ்ச தமிழ் டிவிக்கு எழுதிற வேலை எப்பிடி எண்டதையும் கொஞ்சம் சொல்லவேணும். ரூபவாஹினி 1982ல தொடங்கினது, தமிழுக்கெண்டு முழுநேரச் சனல்கள் வந்தது அதுக்கு எத்தினையோ வருசத்துக்குப் பிறகு, சக்தி 1998ல, வசந்தம் 2009ல. ஆனா பின்னேரத்தில சனம் குந்தியிருந்து பாக்கிற நேரமெல்லாம் இந்தியத் தொடருக்குத்தான், உள்ளூர் நாடகத்துக்கு வார இறுதியில ஒரு அரை மணித்தியாலம் கிடைக்கும், விளம்பரம் போக இருவத்தி ரெண்டு, இருவத்தி நாலு நிமிசம். அதுக்குள்ள கமரா, லைட், வாகனம், சாப்பாடு எல்லாம் கழிச்சு மிஞ்சிறதுதான் எழுதின ஆளுக்கு. இத மட்டும் நம்பிச் சீவிக்கிற தமிழ் எழுத்தாளர் எனக்குத் தெரிஞ்சு ஒருத்தரும் இல்ல, ஒண்டில் வாத்தியார், ஒண்டில் வங்கி, ஒண்டில் இவ மாதிரி அரச உத்தியோகம்.

முதல் வேலையள்

2013ல ரேடியோவுக்கு ஒரு அரை மணி நாடகம் எழுதினா, அது நல்லாப் போச்சு. 2015ல ஒரு தனி டிவி நாடகம் கேட்டு வந்தாங்க. இதில நான் கவனிச்சது என்னெண்டா அவ டிவிக்கும் ரேடியோ மாதிரியே எழுதினா, கதவத் திறக்கிற ஆள் "கதவத் திறக்கிறன்" எண்டு சொல்லாத குறை. இருவத்தி நாலு நிமிசத்துக்கு நாப்பத்தஞ்சு பக்கம். ஷூட்டிங்ல பாதிய வெட்டினாங்க, எந்தப் பாதி எண்டத அவ தீர்மானிக்கேல்ல, அண்டைக்கு மழை தீர்மானிச்சது.

ஒரு பக்கம் ஒரு நிமிசம் எண்டு சொல்ற கணக்கு இங்கிலீஸ்ல டைப் பண்ற ஸ்கிரிப்ட்டுக்கு வந்தது, எங்கட சீஆர் கொப்பிப் பக்கத்துக்கு அது பொருந்தாது. அதால அவ ஒவ்வொரு சீனையும் வாய்விட்டு வாசிச்சு, ஆள் நடக்கிற இடம் நிக்கிற இடத்துக்கெல்லாம் உண்மையா எழும்பி நடந்து, ஃபோன்ல நேரம் பாத்து ஓரத்தில எழுதத் தொடங்கினா. இண்டைக்கும் அப்பிடித்தான். இது எல்லாரும் செய்யலாம், காசு செலவில்ல.

இன்னொரு விசயமும் அப்பதான் நடந்தது. கொப்பியில எழுதினத அவ வீட்டுக் கொம்பியூட்டர்ல பாமினி எண்ட பழைய, யுனிகோட் இல்லாத தமிழ் ஃபொண்ட்ல அடிச்சு ஈமெயில்ல அனுப்பினா. கொழும்பு ஒஃபிஸ் மெசின்ல பாமினி இல்ல. திறந்து பாத்தா முழுக்க ஆங்கில எழுத்து, எங்கெங்க புள்ளி வைச்ச எழுத்து வருமோ அங்கெல்லாம் ஒரு அரைப்புள்ளி. ஃபொண்ட இறக்கிப் போட்டிருந்தா ரெண்டு நிமிச வேலை. அவங்க என்ன செய்தாங்க எண்டா, அவவ ஃபோன்ல வாசிக்கச் சொல்லிக் கேட்டு, ஒரு அசிஸ்டன்ட் பெடியன் எந்த மெசின்லயும் தமிழாத் தெரியிற யுனிகோட்ல புதுசா அடிச்சு எடுத்தான். முன் பக்கத்தில நாடகத்திண்ட பேர், டைரக்டரிண்ட பேர், அவ்வளவுதான். அவட பேர் போட மறந்திட்டாங்க. டிவியில பேர் சரியா வந்தபடியா நாங்க அதக் கணக்கில எடுக்கேல்ல. அதுக்குப் பிறகு அந்த டைரக்டரோட செய்த எல்லா வேலையும் இப்பிடித்தான் போச்சு, இவ அனுப்புவா, அங்க ஒராள் திருப்பி அடிப்பார்.

26 எபிசோட்

2016 கடைசியில அதே டைரக்டர் ஒரு வாராந்தத் தொடர் கொண்டு வந்தார், 26 எபிசோட், கதை திருமலை மீனவக் குடும்பம். சனலில இருந்த ஒருத்தர் சொன்னது, எல்லாருக்கும் விளங்கிற தமிழில எழுதுங்க எண்டு. அது நியாயமான கேள்விதான், மலையகத்திலயும் கொழும்பிலயும் பாக்கிற ஆக்களுக்கு எங்கட கரைப் பேச்சு உடன பிடிபடாது. அவ ஒரு நடுவழி எடுத்தா. கதாநாயகனுக்கும் கதாநாயகிக்கும் பொதுத் தமிழ், மிச்ச ஆக்களுக்கு ஊர்த் தமிழ்.

அஞ்சாவது எபிசோட் போன அண்டைக்கு நான் அவட வீட்ட இருந்தனான். அப்பா நிலத்தில குந்தியிருந்து பாத்துக்கொண்டிருந்தார். கரைவலை இழுக்கிற ஒரு கிழவன் வாயத் திறக்கிற நேரமெல்லாம் பின்னால சிரிப்பு மியூசிக் போட்டிருந்தாங்க, கிழவன் பகிடியே விடேல்ல, வலை மடியில சூடை மீன் குறைவா வந்திருக்கு, டீசல் காசு கட்டாது எண்டுதான் சொல்லுது. அப்பா ஒண்டும் சொல்லாம எழும்பிப் போய் முகம் கழுவினார். அவ என்னப் பாத்தா. ஊர்ப் பேச்சு பேசிற ஆள் பகிடி, பொதுத் தமிழ் பேசிற ஆள் மனுசன் எண்டு கதை தானா மாறிப்போயிருந்தது, அவ அப்பிடி நினைச்சு எழுதேல்ல, ஆனா அவ பிரிச்ச பிரிப்புத்தான் அதுக்கு வழி விட்டது.

ஒன்பதாவது எபிசோடில இருந்து மாத்தினா. தாய்ப் பாத்திரத்துக்கு முழுக்க ஊர்த் தமிழ் குடுத்தா, மீன்பிடித் திணைக்கள உத்தியோகத்தருக்கும் வட்டிக்குக் காசு குடுக்கிறவருக்கும் பொதுத் தமிழ். பக்கத்து ஊரான கிண்ணியாவில இருந்து மீன் எடுக்க வாற வியாபாரிக்கு கிண்ணியாப் பேச்சு, அதுக்கு அவ ரெண்டு சனிக்கிழமை பஸ் ஏறிப் போய் பாலத்துக்கு அங்கால ஒரு தேத்தண்ணிக் கடையில இருந்து கேட்டு எழுதிக்கொண்டு வந்தவ. விளங்காத சொல் வந்தா அடுத்த வரியில செய்கையால விளங்கப்பண்ணிறது எண்டு ஒரு முறை வைச்சா, "வலை பொத்திறன்" எண்டு தாய் சொன்னா கையில ஊசியும் நூலும் இருக்கும், பிறகென்ன விளக்கம். சனலில எதிர்ப்பு வரேல்ல. இது அவட எழுத்து வாழ்க்கையில எடுத்த நல்ல முடிவு எண்டு நான் இப்பவும் நினைக்கிறன்.

காசு விசயம் வேற. வாய்ப் பேச்சில ஒரு எபிசோடுக்கு இவ்வளவு எண்டு பேசினது. 14 எபிசோடுக்கு வந்தது, 12க்கு வரேல்ல. சனல் இன்னும் தரேல்ல எண்டு டைரக்டர் சொன்னார், அது உண்மையாவும் இருக்கலாம். அவ என்னட்ட வந்து, சேர், ஒரு பேப்பர் எழுதிக் கேக்கட்டா எண்டு கேட்டா. நான் வேணாம் எண்டன். "அவர் உங்கள தங்கச்சி தங்கச்சி எண்டு கதைக்கிற மனுசன், பேப்பர் நீட்டினா முகம் மாறும், அடுத்த வேலை வராது" எண்டு சொன்னன். எனக்கு அந்த உலகம் தெரியும் எண்டு நினைச்சுச் சொன்னது. அந்த 12 எபிசோட் காசு இண்டைக்கு வரைக்கும் வரேல்ல. அதவிடப் பெரிசு என்னெண்டா, கேக்காம இருக்கிற பழக்கம் அங்கதான் தொடங்கினது.

படம்

2018 வைகாசியில அதே டைரக்டர், படம் செய்யிறன், கனடாவில ஒரு உறவுக்காரர் காசு போடுறார், கதை இருக்கா எண்டு கேட்டார். அவட கையில கதை இருந்திச்சு. கடலுக்குப் போன தகப்பன் திரும்பேல்ல, போட்டு எஞ்சின் கடன் மிச்சம், தாய் மற்ற ஆக்களிண்ட வலை பொத்திக் கடன் கட்டுறா, மூத்த மகள் போட்ட தானே ஓட்டுறன் எண்டு நிக்கிறா. மூண்டு மாசத்தில 92 சீன், நாலு சீஆர் கொப்பி.

கதை பேசினதெல்லாம் வட்ஸ்அப் வொய்ஸ் மெசேஜ்ல. சென்னையில டிஸ்கஷன் எண்டு ஒரு அறை போட்டு கனபேர் இருந்து கதை பேசிறது எண்டு கேள்விப்பட்டிருப்பியள், இஞ்ச அது ஃபோனுக்குள்ள நடக்குது. ராத்திரி பத்து மணிக்கு டைரக்டர் ஏழு நிமிசம் பேசி அனுப்புவார், காலம நாலு மணிக்கு இவ கேட்டு எழுதி, மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில பதில் பேசி அனுப்புவா. முழு ஸ்கிரிப்ட்ட மூண்டு தவணையா ஈமெயில்ல பாமினியில அனுப்பினா, அங்க வழக்கம் போல திருப்பி அடிச்சாங்க. சம்பளம் எவ்வளவு எண்டு ஒருக்கா ஃபோன்ல பேசினது, டைட்டில்ல பேர் எப்பிடி வரும் எண்டு பேசவே இல்ல. அதெல்லாம் வரும்தானே எண்டு அவவும் நினைச்சா, நானும் நினைச்சன்.

ஷூட்டிங் 2019 சித்திரை கடைசியில தொடங்க இருந்தது. அவ கணக்குப் பாத்துத்தான் எழுதியிருந்தா, சித்திரையில இருந்து ஆவணி புரட்டாதி வரைக்கும் எங்கட பக்கக் கடல் கிடையாக் கிடக்கும். சித்திரை 21 உயிர்த்த ஞாயிறு குண்டுவெடிப்போட ஊரடங்கு, அவசரகாலம், கமராவோட ஒரு கரையில நிக்க ஏலாத நிலை. பிந்திப் பிந்தி மார்கழியில வந்தாங்க. மார்கழி எண்டா வாடைக்காலம், மழை, கடல் எழும்பும், சின்னப் போட்டு இறக்க விடமாட்டாங்க. வந்த ஆக்களுக்கு அது தெரியேல்ல, அவ முன்கூட்டிச் சொன்னவ, ஆனா ஆட்டிஸ்ட் டேட் அப்பதான் இருக்கு எண்டாங்க. கடல் சீனெல்லாத்தையும் வீட்டுக்குள்ள மாத்தவேண்டி வந்தது. 92 சீன் 71 ஆச்சு. அந்த மாத்தல் எல்லாம் அவதான் செய்தா, ஒஃபிஸ்ல லீவு போட்டு, மழைக்குள்ள குடையப் பிடிச்சுக்கொண்டு ஃபோன்ல அடிச்சு அடிச்சுக் குடுத்தா. அதுக்குத் தனிக் காசு இல்ல. 2020 பங்குனியில கொரோனா ஊரடங்கு, எடிட்டிங் இழுபட்டது. அந்த வருசம் அவட ஃபோன் பழுதாகி, பக்கப் எடுக்காததால ரெண்டு வருச வொய்ஸ் மெசேஜ் முழுக்கப் போயிட்டுது.

பேர் ஓடின நாள்

2022 மாசியில திருமலையில ஒரு மண்டபத்தில படத்தப் போட்டாங்க. கரண்ட் கட் நடக்கிற காலம், ஜெனரேட்டர் வைச்சுத்தான் ஓடினது. அவ அப்பா, அம்மா, பக்கத்து வீட்டு ஆக்கள் எண்டு பன்ரெண்டு பேரக் கூட்டிக்கொண்டு வந்திருந்தா.

41வது சீன் பற்றிச் சொல்லவேணும். அவ எழுதினது இது: ராத்திரி, குப்பி விளக்கு. தாய் வலை பொத்திக்கொண்டிருக்கிறா. கண் எண்ணுறா. மகள் வந்து பக்கத்தில இருக்கிறாள். கனநேரம் ஊசி போற சத்தம் மட்டும். மகள் வலையத் தூக்கிப் பாத்திட்டு, இது அப்பாட வலை எண்டு விளங்கி, ஒண்டும் சொல்லாம இருக்கிறாள். தாய்: "நூல் முடிஞ்சுது. நாளைக்கு ரெண்டு பந்து வாங்கிட்டு வா." அவ்வளவுதான் சீன். ஒருத்தரும் பாவிக்கப் போகாத வலைக்கு இன்னும் ரெண்டு பந்து நூல். கொப்பியில இத வாசிச்சிட்டு நான் அடுத்த பக்கம் புரட்டக் கனநேரம் எடுத்தது.

படத்தில, தாய் ஊசியக் கீழ வைச்சு, மகளிண்ட முகத்தப் பிடிச்சு, "உங்கப்பா இனிமே வரவே மாட்டாரும்மா" எண்டு சென்னைத் தமிழில அழுறா, உடன பாட்டு. எனக்குப் பக்கத்தில இருந்த அவ மெல்லக் கேட்டா, "சேர், அம்மா ஏன் ஊசியக் கீழ வைச்சவ?"

கடைசியில கறுப்புத் திரையில பேர் ஓடினது. கதை, திரைக்கதை, வசனம், இயக்கம் எண்டு ஒரே கார்ட், டைரக்டரிண்ட பேர். அவட பேர் நன்றி எண்ட இடத்தில, ஐஸ் குடுத்த கொம்பனிக்கும் போட்டு தந்து உதவினவருக்கும் நடுவில. அப்பாவுக்கு எழுத்துக்கூட்டித்தான் வாசிக்க வரும், அது ஓடின வேகத்துக்கு ஏலாது. வெளியில வந்து கேட்டார், "உன்ட பேர் எந்த இடத்தில வந்தது?" "கடைசியில வந்தது அப்பா" எண்டா.

என்ன செய்தம், ஏன் அப்பிடிச் செய்தம்

கூட்டாளிமார் அண்டைக்கு ராத்திரியே ஃபேஸ்புக்ல போடச் சொன்னாங்க. போடுறேல்ல எண்டு முடிவெடுத்தம். கோவத்தில எழுதின ஒரு வரி பிறகு எங்களுக்கு எதிரா நிக்கும், அதோட கையில என்ன ஆதாரம் இருக்கு எண்டே எங்களுக்குத் தெரியாது. முதல்ல ரெண்டு கிழமை எடுத்து எல்லாத்தையும் சேத்தம்.

கிடைச்சது: நாலு சீஆர் கொப்பி, மேல் மூலையில திகதியோடயும் காத்தோடயும். மூண்டு ஈமெயில், பாமினி ஃபைல் கொழுவினது, 2018ல போனது. டைரக்டரிண்ட வொய்ஸ் மெசேஜில நாலு, அவ அப்ப எனக்கு அனுப்பி அபிப்பிராயம் கேட்டது, என்ட ஃபோன்ல தப்பிக் கிடந்தது. அதில ஒண்டில அவரே "தங்கச்சி, நீங்க எழுதின நாப்பத்தோராவது சீன் வாசிச்சன், கண் கலங்கிட்டுது" எண்டு சொல்றார். அங்கால பக்கம் இருந்தது யுனிகோட்ல அடிச்ச முழு ஸ்கிரிப்ட், முன் பக்கத்தில டைரக்டரிண்ட பேர் மட்டும். 2015ல ஒரு ஃபொண்ட் பிரச்சினையெண்டு விட்டது ஏழு வருசத்துக்குப் பிறகு இப்பிடி வந்து நிண்டது.

ஒரு லோயரிட்டப் போனம். அவர் சொன்னத எனக்கு விளங்கின மாதிரிச் சொல்றன். இலங்கையில இது 2003ம் ஆண்டு 36ம் இலக்க புலமைச் சொத்துச் சட்டத்துக்குள்ள வருது. ஒரு எண்ணத்துக்கு, ஒரு ஐடியாவுக்கு பாதுகாப்பு இல்ல, எழுதின எழுத்துக்குத்தான் உண்டு. அதுக்குப் பதிவு செய்யத் தேவையில்ல, எழுதின உடன உரிமை வந்திடும். படம் எண்ட பொருளிண்ட பொருளாதார உரிமை, வேற விதமா ஒப்பந்தம் இல்லாட்டி, தயாரிப்பாளருக்கு. ஆனா எழுதின ஆள் தன்ட எழுத்திண்ட உரிமைய இன்னொராளுக்குக் குடுக்கிறதெண்டா அது எழுத்தில, ரெண்டு பக்கமும் கையெழுத்து வைச்சு இருக்கவேணும். பேர் போடப்படவேணும் எண்டது தனி உரிமை, காசுரிமைய வித்தாலும் அது எழுதின ஆளோடதான் இருக்கும்.

பேப்பர் இல்லாதது எங்களுக்கு மட்டும்தான் பலவீனம் எண்டு நாங்க நினைச்சிருந்தம். அவர் சொல்லித்தான் விளங்கிச்சு, அவ ஒண்டுலயும் கையெழுத்து வைக்காததால எழுத்துரிமைய ஆருக்கும் எழுதிக் குடுக்கவும் இல்ல, படத்த வெளிநாட்டில விக்கப் போற தயாரிப்பாளருக்கு அது பெரிய தலையிடி. பேச்சுவார்த்தையில எங்களுக்குக் கையில இருந்த ஒரே பலம் அதுதான்.

வழக்குக்குப் போறதெண்டா கொழும்பு வணிக மேல் நீதிமன்றம், ஒவ்வொரு தவணைக்கும் இரவு மெயில் ரெயினில போய் வரவேணும், வருசக்கணக்கா இழுபடும். அவ வேணாம் எண்டா. இன்னொரு பயமும் இருந்தது. அரச உத்தியோகத்தர் வெளியில காசுக்கு வேலை செய்யிறதெண்டா தாபன விதிக்கோவைப்படி, அதாவது அரச உத்தியோகத்தருக்கான விதிகளின்படி, அனுமதி எடுக்கவேணும், அவ எடுக்கேல்ல, எடுக்கவேணும் எண்டே ஒருத்தரும் சொல்லேல்ல. டைரக்டர் பக்கத்து ஆள் ஒருத்தர், ஒஃபிஸுக்கு ஒரு கடிதம் போனா என்ன நடக்கும் தெரியும்தானே எண்டு ஃபோன்ல சொன்னார். அந்தக் கிழமை அவ சாப்பிடேல்ல. அதால லோயர் மூலம் ஒரு கோரிக்கைக் கடிதம், அதோட ரெண்டு பேருக்கும் தெரிஞ்ச ஒரு மூத்த நாடகக்காரர நடுவில வைச்சுப் பேச்சு எண்டு தீர்மானிச்சம்.

டைரக்டரிண்ட பக்கத்தையும் சொல்லவேணும். கனடாக் காசு பாதியில நிண்டுபோச்சு, அவர் தன்ட மனிசியிண்ட நகைய அடைவு வைச்சுத்தான் படத்த முடிச்சவர். 20 சீனுக்கு மேல எடிட்டிங்ல தானே மாத்தி எழுதினதா சொன்னார், அது உண்மை. எங்கட சினிமாவில டைரக்டர் எண்டா எழுத்தும் அவர்தான் எண்டு ஒரே கார்டில போடுறது வழக்கம், அப்பிடித்தான் போட்டன், தங்கச்சி உதவி செய்தவ, அதுக்கு நன்றி போட்டிருக்கு எண்டார். அவர் பொய் சொன்னார் எண்டு எனக்குத் தோன்றேல்ல. நாலு வருசமா அந்தக் கதையத் தூக்கிச் சுமந்து, தன்ட கதை எண்டே நம்பிட்டார். அவர் இருந்த அறையில 41வது சீன் பற்றி அவர் பேசின அந்த வொய்ஸ் மெசேஜ்ஜ நான் போட்டன். தன்ட குரலத் தானே கேட்டிட்டு கனநேரம் பேசாம இருந்தார்.

என்ன கிடைச்சது

2022 ஆனியில ஒரு இணக்கம் வந்தது, எழுத்தில. இணையத்தில போற பிரதியில கதை, வசனம் எண்டு அவட பேர் தனிக் கார்ட்ல, திரைக்கதை எண்டு ரெண்டு பேரிண்ட பேரும். முதல் பேசின சம்பளத்தில பாதி, மூண்டு தவணையா. அது 2018ல ரூபாயில பேசின தொகை, அந்தப் பங்குனிக்கும் வைகாசிக்கும் இடையில மட்டும் டொலர் 200ல இருந்து 350க்கு மேல போயிட்டுது, அரிசியும் மாவும் என்ன விலை வித்தது எண்டு இஞ்ச இருந்த ஆக்களுக்குத் தெரியும். ரெண்டு தவணை வந்தது. மூண்டாவது வரேல்ல, அவ கேக்கவும் இல்ல.

விழாக்களுக்கு ஏற்கனவே போன பிரதியள மாத்த ஏலாது, அதில இப்பவும் பழைய கார்ட்தான். அடுத்து வரவிருந்த ஒரு தொடர் வேற ஆளுக்குப் போச்சு. டைரக்டர் அவவோட கதைக்கிறேல்ல, ஒரு செத்த வீட்டில கண்டும் தலையக் குனிஞ்சுகொண்டு போனார். அவவுக்கு அது காசு போனதவிடக் கூடத் துக்கம், உண்மையாவே அண்ணா எண்டு நினைச்சவ. ஒரு வருசத்துக்கு மேல கொப்பியத் தொடேல்ல.

திரும்பச் செய்யிறதெண்டா

முதல் மாத்தம் என்ட வாயில இருந்து வரவேணும். 2017ல அவ பேப்பர் கேக்கட்டா எண்டு வந்த அண்டைக்கு, கேளுங்க, நானும் கூட வாறன் எண்டு சொல்லியிருக்கவேணும். உறவுமுறை சொல்லிக் கூப்பிடுற ஆளிட்ட எழுத்தில கேக்கிறது மரியாதையில்லாத வேலை எண்டு எங்கட தலைமுறை நினைச்சது. கடையில கொப்பிக் கணக்கு வைச்சுச் சாமான் வாங்கிற ஊர் இது, அந்தக் கொப்பியில மாமா மச்சான் எல்லாரிண்ட கணக்கும் இருக்கு, அதால ஒருத்தரும் கோவிக்கிறேல்ல. எழுத்து வேலைக்கு மட்டும் ஏன் கூச்சப்பட்டம் எண்டு எனக்கு இப்ப விளங்குதில்ல.

ரெண்டாவது ஃபைல். யுனிகோட்ல அடிக்கவேணும், ஒவ்வொரு பக்கத்திண்ட அடியிலயும் பேரும் திகதியும் இருக்கவேணும், பிடிஎஃப் ஒண்டும் சேத்து அனுப்பவேணும், அங்க ஆரும் திருப்பி அடிச்சா அந்தப் பிரதிய ஒருக்கா எனக்கு அனுப்புங்க எண்டு கேட்டு முன் பக்கத்தப் பாக்கவேணும். ஃபோன்ல கதைச்சு முடிச்ச உடன, இண்டைக்கு இன்னது பேசினம் எண்டு நாலு வரி ஈமெயில் போட்டுவிடவேணும், பதில் வராட்டியும் பரவாயில்ல, அது கிடக்கும். தனக்குத் தானே பதிவுத் தபாலில ஸ்கிரிப்ட் அனுப்பி உடைக்காம வைக்கிறதப் பற்றிக் கனபேர் கேக்கிறாங்க, அது திகதிக்கு ஒரு சாட்சி எண்ட அளவுக்குத்தான் எண்டு லோயர் சொன்னார், கூடுதலா எதிர்பாக்க வேணாம்.

அரச வேலையில இருக்கிற ஆக்கள் முதல் சதம் வாங்க முதல் அனுமதிக் கடிதம் எடுங்க. அவ பிறகு எடுத்தா, வழக்கமான ஒரு விண்ணப்பம்தான், இந்தப் பயத்த வைச்சு ஒருத்தர் மிரட்டுற அளவுக்கு விட்டது தேவையில்லாத வேலை.

மாத்தமாட்டன் எண்டும் ஒண்டு இருக்கு. ஃபேஸ்புக்ல போடாம ரெண்டு கிழமை பொறுத்தது சரி. சிலர் அதக் கோழைத்தனம் எண்டாங்க, நான் ஒத்துக்கொள்ளேல்ல. பேர் திரும்பி வந்தது அந்தப் பொறுமையாலதான்.

41வது சீன மட்டும் ஒரு ஒப்பந்தத்தாலயும் காப்பாத்தியிருக்க ஏலுமோ தெரியேல்ல. டைரக்டர் மாத்துவார், அது அவரிண்ட உரிமையும் கூட. எழுதின ஆளக் கேக்காம தாயிண்ட பேச்சத் தமிழ்நாட்டுப் பேச்சா மாத்தினது வேற விசயம், அதப் பற்றி இப்ப அவ முன்கூட்டியே பேசிறா.

இப்ப

2024ல புதுசா ஒரு இளம் டைரக்டர் 8 எபிசோட் வெப் தொடர் ஒண்டுக்குக் கேட்டு வந்தார், மூதூர்க்காரர். உவர்மலையில என்ட வீட்டு முன் விறாந்தையில இருந்துதான் பேசினவங்க. அவ ஒரு பக்கத்தில, தமிழில, தானே எழுதின ஒப்பந்தத்த எடுத்து வைச்சா. காசு நாலு படியில, ஒன்லைன், அதாவது கதைச் சுருக்கம், குடுக்கேக்க ஒரு பங்கு, சீன் ஓடர், அதாவது சீன்களிண்ட வரிசை, முடிய ஒரு பங்கு, டயலொக்கோட முழு ஸ்கிரிப்ட்டுக்கு ஒரு பங்கு, ஷூட்டிங் தொடங்க முதல் மிச்சம். ஒரு திருத்தம் அந்தக் காசுக்குள்ள, அதுக்கு மேல எண்டா தனி. டைட்டில் கார்ட்ல என்ன சொல்லு, எந்த இடம் எண்டும் இருந்தது. வேலை பாதியில நிண்டா எழுதின எழுத்து அவட கைக்கே திரும்பும். கடைசி வரி, ஊர்ப் பேச்ச மாத்திறதெண்டா எழுதின ஆளோட கதைச்சு மாத்தவேணும். அவ அதக் குடுக்கேக்க கை நடுங்கினத நான் கண்டன். அந்தத் தம்பி வாசிச்சிட்டு, "அக்கா, இது எனக்கும் நல்லம்தானே" எண்டு பேனையக் கேட்டார்.

போன சனிக்கிழமை ஆறாவது எபிசோட் கொண்டு வந்தா. ரெண்டாவது காட்சியில ஒரு தாய் வலை பொத்திறா. சீஆர் கொப்பியில திகதி, பக்கத்தில சோளகம். சீன் ஓரத்தில பென்சிலால நேரம் எழுதியிருந்தது, ரெண்டு நிமிசம் பத்து செக்கன்.